ஜோஹானஸ்பர்க்கில் விமானம் ஏன் இவ்வளவு தூரம் ஓடுகிறது?

டர்பனில் சட்டென்று எழும்பிவிடும் அதே வகை விமானம், ஜோஹானஸ்பர்க்கிலிருந்து திரும்பும்போது நெடுந்தூரம் ஓடுவதைக் கண்டு எங்கள் பெரியம்மா ஒவ்வொரு முறையும் முருகனை அழைக்கத் தொடங்கிவிடுவார். அவரைப் போல் அஞ்சும் நம் உறவினர்களுக்காகவே இதை எழுதுகிறேன்.

நிலையத்திலிருந்து ஓடுபாதைவரை விமானம் ஊர்ந்துதான் செல்கிறது. நேர்வழியில் மணிக்கு 50 கிலோமீட்டர், திருப்பங்களில் 20க்கும் குறைவு. அதன்பிறகு எல்லாம் காற்றின் கையில். டர்பனின் கிங் ஷாகா விமான நிலையம் ஏறத்தாழ கடல்மட்டத்தில் இருக்க, ஜோஹானஸ்பர்க்கின் ஓ.ஆர். டாம்போ விமான நிலையமோ சுமார் 1,700 மீட்டர் உயரத்தில் இருப்பதால், அங்கே காற்றின் அடர்த்தி ஏறக்குறைய 15 விழுக்காடு குறைவு; கோடை வெயிலில் இன்னும் குறையும். மெல்லிய காற்றில் இறக்கைகள் அதே எடையைத் தூக்க வேண்டுமானால் வேகம் கூட வேண்டும், ஆனால் எஞ்சினின் உந்துவிசையும் குறைந்துவிடுகிறது. காற்றழுத்தத்தைக் கொண்டு அளக்கும் விமானியின் வேகமானி இரண்டு ஊரிலும் 270 கிலோமீட்டருக்கு நிகரான அளவையே காட்டினாலும், ஜோஹானஸ்பர்க்கில் சக்கரங்கள் 300ஐ நெருங்கி உருள்கின்றன. அங்குள்ள நீண்ட ஓடுபாதை 4,400 மீட்டருக்கும் மேல் அமைந்திருப்பது இதற்காகத்தான்.

இறங்கும்போதும் இதே கணக்குதான். தரையைத் தொடும் கணத்தில் சுழலாமல் இருக்கும் டயர் நொடிப்பொழுதில் 250 கிலோமீட்டருக்கு மேற்பட்ட வேகத்தை எட்டுவதால்தான் அந்த நீலப் புகை எழுகிறது. ஓடுபாதையில் படிந்த கருங்கோடுகள் அந்த ரப்பரே.