நவீனத்துவத் தாளில் நான் கோட்டைவிட்ட கேள்வி

எம்.ஏ. ஆங்கிலம் முதலாண்டில், ‘தொழில்நுட்ப மாற்றத்தை நவீனத்துவக் கதைகள் எப்படி எதிர்கொண்டன?’ என்று ஒரு கட்டுரை வினா வந்தது. நவீனத்துவம் என்றால், இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் பழைய கதைமுறையை உடைத்து, மனசின் ஓட்டத்தை எழுதிப் பார்த்த இலக்கியப் போக்கு. ரயில், தொலைபேசி, கிராமபோன், விமானம் என்று நாலு பக்கம் எழுதித் தள்ளினேன். பாதி மதிப்பெண்கூட வரவில்லை. விடைத்தாள் நகலை வாங்கிப் படித்தபோதுதான் உறைத்தது: கதை சொல்லும் முறை பற்றி அதில் ஒரு வரிகூட இல்லை.

மறுபடி எழுத, தினமும் குடியாத்தத்திலிருந்து காட்பாடி வரும் ரயிலிலேயே படித்தேன். தென்னிந்தியாவின் முதல் ரயில் 1856-இல் ராயபுரத்திலிருந்து நம் வட ஆற்காட்டு வாலாஜா ரோடுக்குத்தான் வந்தது. நவீனத்துவ நாவல்கள் அதற்கு அறுபது, எழுபது வருஷம் பிந்தியவை. இயந்திரத்தைக் கண்ட வியப்பு ஓய்ந்து, அது மனசுக்குள் குடியேறிவிட்ட காலம். முன்னுரையில் இதைச் சொல்லிவிட்டால் போதும்.

வர்ஜீனியா வுல்ஃபின் ‘மிஸஸ் டாலவே’ (1925) நாவலில் லண்டன் வானத்தில் விமானம் புகையால் விளம்பரம் எழுதும். அது என்ன எழுத்து என்று ஆளுக்கொன்றாகப் படிக்கிறார்கள்: கிளாக்ஸோ என்கிறாள் ஒருத்தி, கிரீமோ என்கிறாள் இன்னொருத்தி, டாஃபி என்கிறார் ஒருவர். போரிலிருந்து திரும்பிய செப்டிமஸோ, தனக்குத்தான் ஏதோ சைகை வருகிறது என்று கண் கலங்குகிறான். இந்த இடத்தை நிதானமாகப் படியுங்கள். எல்லாரும் அண்ணாந்து பார்க்க வானில் ஒரு பொருள் இருப்பதால், கதை ஒரு மனசிலிருந்து இன்னொரு மனசுக்கு இடறாமல் தாவுகிறது. விடையில் எழுத வேண்டியது அந்தத் தாவலைத்தான்.

ஜாய்ஸின் ‘யுலிஸஸ்’ (1922) நாவலுக்கு இரண்டு வரி போதும்: பத்திரிகை அலுவலக அத்தியாயத்தைத் தலைப்புச் செய்திகள் துண்டு துண்டாக வெட்டும்.

பிரெஞ்சு நாவலாசிரியர் ப்ரூஸ்ட் எங்கள் பாடத்தில் இல்லை. அவர் நாவலை நூலகத்தில் எடுத்துப் படித்தேன். தொலைபேசியில் பாட்டியின் குரலை, முகம் இல்லாமல், முதன்முதலாகக் கேட்கிறான் கதைசொல்லி. அதிலுள்ள துயரம் அப்போதுதான் அவனுக்குக் கேட்கிறது. இணைப்பு அறுந்த பிறகும் பாட்டியைக் கூப்பிட்டுக்கொண்டே இருக்கிறான்.

அதைப் படித்த வாரம், குடியாத்தம் நடைமேடையில் ஒரு ஆயா, துபாயிலிருக்கும் பேரனோடு பேசிவிட்டு, அணைந்த செல்போனைக் காதிலிருந்து எடுக்காமல் உட்கார்ந்திருந்தார்.

“கட் ஆயிடுச்சு ஆயா.”

“இருப்பா, இன்னும் ஏதோ சொல்ல வந்தான்.”

தேர்வில் அந்தப் பத்தியை எழுதும்போது பேனா எங்கும் நிற்கவில்லை.

ஒரு கட்டுரைக்கு இரண்டு காட்சி, காட்சிக்கு ஒன்றரைப் பக்கம். நேரம் நெருக்கினால் ஜாய்ஸை விட்டுவிடுங்கள். புகை எழுத்தையும் பாட்டியின் குரலையும் விடாதீர்கள்.