84 நாளை எண்ணத் தெரியாத கந்தோரும் என் மூன்று மாதச் சம்பளமும்

மகப்பேற்று லீவில் நிற்கும்போது இடமாற்றம் வந்தால் பயப்பட ஒன்றுமில்லை என்று எல்லாரும் சொன்னார்கள். உண்மைதான், லீவுக்கு ஒன்றும் ஆகவில்லை. சம்பளம்தான் மூன்று மாதம் வரவில்லை.

நவம்பர் 6 முதல் லீவு. வருடாந்த இடமாற்றக் கடிதம் டிசம்பரில் பழைய பள்ளிக்கூடத்துக்குப் போய் அலுமாரிக்குள் கிடந்திருக்கிறது, ஜனவரி 1 முதல் வேறு கல்வி வலயமாம். கூடப் படிப்பித்த ரீச்சர் ஒருத்தி ஜனவரி நடுவில் அதை வாட்ஸ்அப்பில் அனுப்பினபோதுதான் எனக்கே தெரியும், மேன்முறையீட்டுக்கான நாளும் அதற்குள் போய்விட்டது. பழைய வலயத்தில் கேட்டால் "லீவு முடியட்டும்" என்கிறார்கள், புதிய வலயத்தில் "கடமையேற்றால்தான் பெயர் ஏறும்" என்கிறார்கள். சரி என்று இரண்டு மாதப் பிள்ளையையும் அம்மாவையும் கூட்டிக்கொண்டு, மாங்குளம் சந்தியில் பஸ் மாறிப் போய்க் கையெழுத்து வைத்தேன். புதிய அதிபர் பத்து நிமிடத்தில் முடித்து அனுப்பினார்.

பெப்ரவரி 20, வங்கிக் கணக்கில் ஒன்றுமில்லை. மார்ச்சிலும் இல்லை. பழைய பக்கம் ஜனவரியோடு நிறுத்திவிட்டது. புதிய பக்கத்திலோ இறுதிச் சம்பளச் சான்றிதழும் சுயவிபரக் கோவையும் (என் பைல்) வந்து சேரவில்லை. "அனுப்பியாச்சு", "வரேல்லை", இந்த இரண்டு சொல்லையும் கேட்க மட்டும் நான்கு தரம் அலைந்தேன். பிள்ளைக்கு வெயில் படக்கூடாதென்று அம்மா மோட்டார் சைக்கிள்களுக்குப் பக்கத்தில் வேப்பமர நிழலில் நிற்பா.

கோவை ஒருவழியாக வந்தது, உள்ளே லீவு அனுமதிக் கடிதம் இல்லை. கிளாக்கர் சுவரில் தொங்கின கலண்டரைக் கழற்றி மேசையில் வைத்து, பேனா முனையால் நாள் நாளாகக் குத்தி எண்ணினார். போயா, நத்தார், தைப்பொங்கல், சனி, ஞாயிறு ஒன்றிலும் பேனா நிற்கவில்லை. "84 நாள் ஜனவரி 28ஓட முடிஞ்சுது ரீச்சர். அதுக்குப் பிறகு எல்லாம் சம்பளமில்லாத லீவுதான்." இலங்கை அரச ஊழியருக்கான தாபன விதிக்கோவையின்படி முழுச் சம்பளத்துக்குரிய 84 என்பது வேலை நாள், சனி ஞாயிறும் அரச விடுமுறையும் சேராது, என் கணக்கு மார்ச் நடுப்பகுதி வரை போகும் என்றேன். "சுற்றறிக்கை கொண்டு வாங்கோ." அவர் கந்தோரில் இருக்கவேண்டிய சுற்றறிக்கையை நான் கொமினிகேஷன் கடையில் காசு கொடுத்து எடுத்துக்கொண்டு போனேன், பொது நிர்வாகச் சுற்றறிக்கை 4/2005. வாசித்துவிட்டு, அது சரி, ஆனால் அனுமதிக் கடிதம் இல்லாமல் ஒன்றும் செய்யேலாது என்றார்.

மார்ச் நடுவில் லீவு முடிந்து வேலைக்குப் போகத் தொடங்கியிருந்தேன், ஆகவே லீவுக் கடிதம் தேடிப்போன நாட்களுக்கும் லீவு போட்டேன்!

ஏப்ரலில் ஒரு அக்கா சொல்லித் தகவல் அறியும் உரிமை விண்ணப்பம் ஒன்றைப் பழைய வலயத்தில் கொடுத்தேன் (2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்கச் சட்டம், 14 வேலை நாளுக்குள் முடிவு சொல்லவேண்டும்). சண்டை பிடிக்கவில்லை, ஒரே கேள்விதான் கேட்டேன்: என் லீவு அனுமதிக் கடிதம் எந்தத் திகதியில், எந்தப் பதிவு இலக்கத்தில் அனுப்பப்பட்டது? ஆறாம் நாள் போன் வந்தது. "தங்கச்சி, இதுக்கெல்லாம் ஏன் தகவல் சட்டம், வந்து கேட்டிருந்தா தந்திருப்பமே." நான்கு தரம் வந்து கேட்டவள் நான். கடிதம் அனுப்பப்படவே இல்லை, வேறொரு ரீச்சரின் கோவைக்குள் இருந்திருக்கிறது.

இப்படி மாட்டுப்பட்டால் இதைச் செய்யுங்கோ: லீவு தொடங்க முதலே அனுமதிக் கடிதத்தின் பிரதி ஒன்றைக் கையில் எடுத்து வைத்துக்கொள்ளுங்கோ, எதைக் கொடுத்தாலும் பிரதியில் திகதி முத்திரை குத்தச் சொல்லுங்கோ, தூரமென்றால் பதிவுத் தபாலில் போட்டுத் துண்டை எறியாதேங்கோ. அடுத்த 84 நாள் அரைச்சம்பள லீவு வேண்டுமென்றால் அதற்கும் நேரத்தோடு விண்ணப்பியுங்கோ, தானாக வராது. வாயால் சொன்னதை நம்பி ஒரு நாளும் வீட்டுக்குத் திரும்பாதேங்கோ.

மே 20 நிலுவையோடு சம்பளம் வந்தது. சம்பளப் பட்டியலைப் பார்த்தால் வருடாந்த ஏற்றம் இன்னும் போடவில்லை, கேட்டதற்கு ஜனவரி 28க்குப் பிறகு "சம்பளமற்ற லீவு" என்று எழுதினதை ஒரு இடத்தில் திருத்த மறந்துபோனார்களாம். அடுத்த கிழமை திரும்பவும் போகவேணும்.