அம்மச்சியின் முழங்கை ரவிக்கை

நேற்று நாகர்கோவிலில் அம்மச்சிக்கு ரவிக்கை தைக்கக் கொடுத்தோம். "கை முட்டு வரைக்கும் இறங்கணும் மக்ளே" என்று டெய்லரிடம் மூன்று தடவை சொல்லிவிட்டார். டெய்லர் சாக்கால் கோடு போட்ட இடத்தை அம்மச்சி விரலால் தொட்டுப் பார்த்து, இன்னும் ஒரு விரற்கடை இறக்கச் சொன்னார்.

இதே மண் திருவிதாங்கூராக இருந்தபோது நாடார் பெண்கள் மார்பை மறைத்துத் தோளில் சீலை போட்டால் மேல்சாதிக்காரர்கள் சந்தையிலேயே கிழித்தார்கள். 1822-ல் கல்குளம் பக்கம் தொடங்கிய போராட்டம் 37 வருஷம் நடந்தது. நடுவில், 1829-ல், தோள்சீலை கூடாது என்று அரசே ஆணை போட்டது. கடைசியில் சென்னை கவர்னர் டிரெவெல்யன் நெருக்கியதால், 1859 ஜூலை 26-ல் மகாராஜா உத்திரம் திருநாள் அனுமதி தந்தார். அதிலும் ஒரு நிபந்தனை: மேல்சாதிப் பெண்கள் உடுத்துகிற மாதிரி உடுத்தக்கூடாது! எனக்கு அந்த வரி இன்னும் ஆறவில்லை.

இன்று செட்டிகுளம் ஜங்ஷனில் யார் எந்தச் சாதி என்று உடையைப் பார்த்துச் சொல்ல முடியாது. எனக்கு இந்த ஊரில் மிகப் பிடித்ததே அதுதான்.

சரி, ரவிக்கை வெள்ளிக்கிழமை கிடைக்கும். அம்மச்சி கேட்டது சந்தன நிறம்.