பழைய போர்டும் எட்டுக்கால் சிப்பும்

என் மதர்போர்டு 2012ஆம் வருடத்தது. அடாப்டர் அட்டை வழியாக அதில் ஒரு என்விஎம்இ எஸ்எஸ்டியை (வேகமான புது வகைச் சேமிப்பு டிரைவ்) செருகினேன். லினக்ஸுக்குள் போனால் டிரைவ் தெரிகிறது, பூட் பட்டியலில் மட்டும் காணோம். கம்ப்யூட்டரைத் தொடக்கிவைக்கும் மென்பொருளான பயாஸ், போர்டில் ஒரு எட்டுக்கால் சிப்பில் இருக்கிறது. அந்தக் காலத்து பயாஸில் என்விஎம்இயை அடையாளம் காணும் டிரைவர் நிரலே கிடையாது. சரி, நாமே சேர்த்துவிடலாம் என்று இறங்கினேன்.

போர்டின் சொந்த அப்டேட் வசதி திருத்திய கோப்பை ஏற்கவில்லை. அதனால் சிப்பை நேரடியாகப் படித்து எழுதும் சிஎச்341ஏ புரோகிராமரும், சிப்பைக் கவ்வும் கிளிப்பும் வாங்கினேன். (சிப் 3.3 வோல்ட்டா 1.8 வோல்ட்டா என்று முதலிலேயே பார்த்துவிடுங்கள், 1.8க்குத் தனி அடாப்டர் வேண்டும்.) பவர் கேபிளையும் பட்டன் பேட்டரியையும் கழற்றிவிட்டு, சிவப்புக் கம்பி சிப்பின் புள்ளிப் பக்கம் வரும்படி கிளிப்பைக் கவ்வ வைத்தேன். ஃபிளாஷ்ராம் என்ற மென்பொருள் சிப்பின் 8 எம்பியையும் படித்துக் கொடுத்தது. மறுபடி படித்து ஹாஷ் (கோப்பின் கைரேகை போன்ற எண்) பார்த்தால் வேறு எண். கிளிப்பை எடுத்து, சிப்பின் கால்களை ஆல்கஹால் தொட்டுத் துடைத்து மாட்டிய பிறகு, மூன்றாவதும் நான்காவதும் அச்சுப் பிசகாமல் ஒத்துப்போயின. முதல் நகலை நம்பி வேலையைத் தொடங்கியிருந்தால் அவ்வளவுதான்.

போர்டு நிறுவனம் தரும் கோப்பையே திருத்தலாமே என்று தோன்றும். என் போர்டின் மேக் முகவரியும் சீரியல் எண்ணும் அதில் இருக்காது. ஆகவே சிப்பிலிருந்து எடுத்த நகலில்தான் கை வைத்தேன்.

திருத்த எடுத்தது யூஇஎஃப்ஐடூல் 0.28 என்ற மென்பொருள். அதன் புதிய என்ஈ பதிப்பில் பார்க்கத்தான் முடியும், திருத்த முடியாது. டிஎக்ஸ்இ டிரைவர்கள் (பூட் ஆகும்போது பயாஸ் ஏற்றும் டிரைவர்கள்) இருக்கும் பகுதியான வால்யூமில், கடைசி மாட்யூலுக்குக் கீழே என்விஎம்இ டிரைவரைச் செருகி, சேமித்து, சிப்பில் எழுதினேன். ஃபேன் சுற்றியது. திரை கறுப்பாகவே இருந்தது. ஐந்து நிமிடம் சும்மா அதையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

அப்புறம் அசல் நகலை எழுதியதும் போர்டுக்கு உயிர் வந்தது. இரண்டு கோப்புகளையும் பக்கத்தில் பக்கத்தில் திறந்து பார்த்தபோதுதான் விஷயம் புரிந்தது: அசலில் இருந்த ஒரு பேட் ஃபைல் (இடத்தை நிரப்பி வைக்கும் கோப்பு), சேமித்ததில் காணாமல் போயிருந்தது. அவசரத்தில் நான் அதைப் பார்க்கவே இல்லை. அதே டிரைவரை எம்எம்டூல் என்ற இன்னொரு திருத்தும் மென்பொருளில் செருகியபோது பேட் ஃபைல் இருந்த இடத்திலேயே இருந்தது.

மறுபடி எழுதி, பவர் பட்டனை அழுத்தி, பூட் பட்டியலைத் திறந்தேன். எஸ்எஸ்டியின் பெயர் இல்லை. அதற்குப் பதில் "பிஏடிஏ" என்று ஒரு வரி. பழைய ஹார்ட் டிஸ்க்குகளின் இணைப்பு வகை அது, அகலப் பட்டை கேபிள் காலத்துப் பெயர்! சிரித்துக்கொண்டே அதன்மேல் என்டர் தட்டினேன். லாகின் திரை வந்தது.