கென்ட் தெருவில் பேட்ஸி கிளைன் வீடு

வாஷிங்டனிலிருந்து மேற்கே ஏறத்தாழ 120 கிலோமீட்டர் போனால் வின்செஸ்டர் வரும். வர்ஜீனியா மாநிலத்தில் ஆப்பிளுக்குப் பேர்போன சிற்றூர். ஊர் நடுவில், வண்டிகள் நுழையாத லவுடன் தெருவில் காபி குடித்துவிட்டுப் பொடிநடையாகத் தென்கிழக்கே போனேன். வசதியான வீடுகள் குறைந்துகொண்டே வந்து, 608, தெற்கு கென்ட் தெரு வந்தது. பெயர்ப்பலகை இல்லையென்றால் யாரும் நின்று பார்க்க மாட்டார்கள். அவ்வளவு சிறிய வீடு.

'கண்ட்ரி' என்னும் அமெரிக்க நாட்டுப்புறப் பாணி இசையின் பாடகி பேட்ஸி கிளைன் 1948 முதல் 1953 வரை குடியிருந்த வீடு இது. பெற்றோர் வைத்த பெயர் வர்ஜீனியா பேட்டர்சன் ஹென்ஸ்லி. தகப்பன் குடும்பத்தை விட்டுப் போய்விட, பேட்ஸி படிப்பை நிறுத்திவிட்டு மருந்துக்கடையின் சோடா கவுண்டரில் வேலைக்கு நின்றார். தாய் ஹில்டா துணி தைத்தார். மாடியில் ஒரே அறை. தாயும் மூன்று பிள்ளைகளும் அதில்தான் படுத்து எழுந்தார்கள். இப்போது அருங்காட்சியகம். வழிகாட்டி ஒருவர் கூடவே வந்து அறை அறையாகக் கதை சொல்கிறார்.

எனக்குத் தையல் வேலைப்பாட்டின் மேல்தான் கண் போனது. மேடையில் பேட்ஸி அணிந்த குஞ்சம் வைத்த மாட்டுக்காரப் பெண் உடைகளெல்லாம் தாய் தைத்தவை. வடிவம் மகளுடையது, ஊசி தாயுடையது. வாங்கிய உடை என்றே நினைக்கத் தோன்றும், அத்தனை நேர்த்தி.

அந்த உடைக்குத்தான் 1957 ஜனவரி 21 அன்று நியூயார்க்கில் இடமில்லாமல் போனது. ஆர்தர் காட்ஃப்ரேயின் தொலைக்காட்சித் திறமைப் போட்டி அது. போட்டியாளரை ஒருவர் 'கண்டுபிடித்து' அழைத்து வர வேண்டும். பேட்ஸியை அழைத்து வந்தவர் ஹில்டாதான், தாய் என்று சொல்லிக்கொள்ளாமல். இருவருக்கும் குடும்பப் பெயர் வேறு வேறாக இருந்தது வசதியாகப் போயிற்று. நிகழ்ச்சிக்காரர்கள் குஞ்ச உடை வேண்டாம், விருந்துக்குப் போகிற கவுன் போதும் என்றார்கள். பாட்டையும் அவர்களே தேர்ந்தெடுத்தார்கள்: 'வாக்கின் ஆஃப்டர் மிட்நைட்'. பேட்ஸிக்கு அது கட்டோடு பிடிக்காத பாட்டு. கண்ட்ரியே இல்லை, வெறும் பாப் என்பது அவர் கட்சி.

அரங்கம் கைதட்டி ஓயவில்லை. முதல் பரிசு அவருக்கே. முந்தைய நவம்பரில் நாஷ்வில்லில் ஓவன் பிராட்லியின் ஸ்டூடியோவில் பதிவாகிக் கிடந்த பாட்டை அவசரமாகப் பிப்ரவரியில் வெளியிட்டார்கள். வெற்றிப் பாட்டுகளின் வரிசையில், கண்ட்ரி பட்டியலில் 2ஆம் இடம், பாப் பட்டியலில் 12ஆம் இடம். பாப் கேட்பவர்களும் வாங்கினால்தான் அந்த உயரம் எட்டும். அந்த விஷயத்தில் நிகழ்ச்சிக்காரர்கள் கணக்குத் தப்பவில்லை என்றே நினைக்கிறேன்.

ஆனால் பணம்? 1954இல் ஃபோர் ஸ்டார் என்ற இசைத்தட்டு நிறுவனத்தோடு போட்ட ஒப்பந்தப்படி, வழக்கமாகப் பாடகருக்குக் கிடைப்பதில் பாதி அளவே பங்கு. பாட்டும் அவர்கள் பதிப்பகத்துப் பாட்டாகவே இருக்க வேண்டும். நல்ல பாட்டு வெளியில் இருந்தாலும் தொட முடியாது. முதல் வெற்றிக்குப் பின் பெரிய பாட்டு எதுவும் அமையாமல் வருடங்கள் ஓடியதற்கு எனக்குத் தெரிந்த காரணம் இதுதான். ஒப்பந்தம் முடிந்து டெக்கா இசைத்தட்டு நிறுவனத்தில் சேர்ந்த பிறகு, 1961இல் 'ஐ ஃபால் டு பீசஸ்' கண்ட்ரி பட்டியலில் முதலிடம் பிடித்தது. அதே ஆண்டில் வில்லி நெல்சன் எழுதிய 'கிரேஸி'. 1963 மார்ச் 5 அன்று டென்னசியில் விமானம் விழுந்து இறந்தபோது அவருக்கு வயது முப்பதுதான்.

வண்டி இருந்தால் ஊருக்கு வெளியே ஷெனன்டோவா நினைவுப் பூங்காவுக்கும் போய் வரலாம். கல்லறைத் தகட்டில் முதலில் தெரிவது கணவர் குடும்பப் பெயரோடு 'வர்ஜீனியா எச். டிக்', மேடைப் பெயரைத் தேடி வருபவர்கள் சற்றுக் குனிந்து பார்க்க வேண்டும். குளிர்காலத்தில் கென்ட் தெரு வீடு மூடியிருக்கும். வசந்தத்தில் போங்கள், ஆப்பிள் பூக்கும் நாட்களில். விடுதி அறைக்கு மட்டும் முன்பே சொல்லி வையுங்கள், ஆப்பிள் பூத் திருவிழாக் கூட்டம் ஊரை நிறைத்துவிடும்.