டைமும் நாலணாவும்

மகள் பள்ளியிலிருந்து கொண்டுவந்த கணக்குத் தாளில் சிவப்பு மையில் ஒரு சுழி. தாள் அவளுடையது. கணக்கு என்னுடையது.

"ஜாடியில் நிக்கலும் டைமுமாக 27 காசுகள். மொத்தம் 1 டாலர் 95 சென்ட். எது எத்தனை?" எட்டாம் வகுப்புக் கணக்கு. நிக்கல், டைம் இரண்டும் அமெரிக்கச் சில்லறை, ஒன்று அஞ்சு சென்ட், மற்றது பத்து சென்ட். முந்தின ராத்திரி குழம்பைத் தாளித்துக்கொண்டே வாயாலேயே போட்டுக்கொடுத்தேன். ஆடு, கோழிகளின் கால்களை எண்ணுகிற கணக்குதானே! எல்லாமே அஞ்சு சென்ட் என்று வை, 135 வரும். இன்னும் 60 குறையுது. ஒரு காசை பத்து சென்டாக மாத்தினா அஞ்சு கூடும், அப்போ 12 காசை மாத்தணும். அவள் நோட்டில் எக்ஸ் எழுதி முடிப்பதற்குள் விடை வந்துவிட்டது. "நிக்கல் 12, டைம் 15, எழுதிக்கோ." சரிபார்த்தும் காட்டினேன். 120-உம் 75-உம் 195. இடிக்கவே இல்லை.

இடிக்காது. அதுதான் இந்தக் கணக்கின் குசும்பு. நிக்கல்தான் பத்து சென்ட் என்று நான் நினைத்திருந்தேன். உண்மையில் அது அஞ்சு, டைம்தான் பத்து. பேரை இடம் மாற்றிப் போட்டாலும் கூட்டுத்தொகை அப்படியே நிற்கும், தப்பைக் காட்டியே கொடுக்காது.

"அம்மாவுக்கு டைமே தெரியலப்பா" என்றாள்.

"கட்டிக்கிட்ட நாளிலிருந்து அதைத்தான் சொல்றேன், எந்தக் கல்யாணத்துக்கு நேரத்துக்குப் போயிருக்கோம்?" என்றார் அவர், லேப்டாப்பிலிருந்து தலையைத் தூக்காமல்.

ஒன்பது வருஷமாகிறது இந்த ஊருக்கு வந்து. பனியில் வண்டி ஓட்டுகிறேன், வரிப் படிவம் நானே நிரப்புகிறேன், பக்கத்து வீட்டு நாயின் பிறந்தநாள்கூடத் தெரியும். இந்தச் சில்லறை மட்டும் இன்னும் பிடிபடவில்லை. கால் டாலர் தெரியும். முதலில் இருந்த அடுக்ககத்தில் துணி துவைக்கும் மெஷின் அது ஒன்றைத்தான் விழுங்கும். வங்கியில் 10 டாலர் கொடுத்து, 40 காசு அடுக்கிய சுருளாக வாங்கி வருவோம். மற்றதற்கெல்லாம் அட்டைதான்.

ஆனால் வந்த முதல் மாதம் அட்டை இல்லை. கடையில் ஏதோ 37 சென்ட் கேட்டார்கள். காசைத் திருப்பித் திருப்பிப் பார்க்கிறேன், எண்ணையே காணோம். பின்னால் வரிசை நீளுகிறது. கடைசியில் உள்ளங்கையை விரித்து நீட்டினேன். கல்லாவில் இருந்த பெண் சிரித்துக்கொண்டே, குழந்தை கையிலிருந்து பொரி பொறுக்குவது போல எடுத்துக்கொண்டாள். அவள் ஒன்றும் தப்பாகச் சொல்லவில்லை. எனக்குத்தான் காது வரைக்கும் சுட்டது. கணக்கில் நூற்றுக்கு நூறு வாங்கினவளாக்கும் நான்!

டைம் மேல் எனக்கு இருக்கிற கோபம் நியாயமானது. காசில் 'ஒன் டைம்' என்று போட்டிருக்கிறான். பத்து என்று எங்கேயும் கிடையாது. டைம் என்றால் என்ன என்று தெரிந்தவனுக்கு எதற்கு எழுத்து, தெரியாதவனுக்கு அந்த எழுத்தால் என்ன பிரயோஜனம்? அளவாவது உதவுமா? பத்து சென்ட் 18 மில்லிமீட்டர்கூட இல்லை, அஞ்சு சென்ட் 21-க்கு மேல். ஒரு சென்ட் காசே டைமைவிடப் பெரிசு. அந்தக் காலத்தில் டைம் வெள்ளிக் காசு, மதிப்புக்குத் தக்க எடை, அதனால் டாலரில் பத்தில் ஒரு பங்கு வெள்ளி. 1866-இல் வந்த நிக்கல் செம்பும் நிக்கலும் கலந்தது, அதைச் சிறுத்து வைக்க அவசியமில்லை. 1965-இல் சட்டம் போட்டு டைமிலிருந்த வெள்ளியை எடுத்துவிட்டார்கள். உடம்பை மட்டும் அப்படியே விட்டுவிட்டார்கள்.

நான் சின்ன வயசில் பார்த்த நம் ஊர்க் காசுக்கு இந்த வம்பே கிடையாது. அஞ்சு பைசா சதுரம், பத்துப் பைசா பூ மாதிரி விளிம்பு, இருபது பைசா அறுகோணம். மின்சாரம் போன ராத்திரியில் அரிசி டப்பாவுக்குள் கைவிட்டு, ஐஸ் வண்டிக்குச் சரியாக எடுத்துக்கொண்டு ஓடியிருக்கிறேன். அம்மாவின் கடுகு டப்பாவில் இருந்தது தனிக் கணக்கு. அதில் கைவைத்தால் எப்படியோ தெரிந்துவிடும். விரல் இடுக்கில் ஒட்டின கடுகுதான் காட்டிக்கொடுத்திருக்கும் என்று இப்போது தோன்றுகிறது.

சரி, பழிக்குப் பழி வாங்க வேண்டாமா? அவளுக்கு நான் ஒரு கணக்கு எழுதிக் கொடுத்தேன்: "பாட்டியின் கடுகு டப்பாவில் நாலணாவும் பத்துப் பைசாவுமாக 18 காசுகள். மொத்தம் 3 ரூபாய். நாலணா எத்தனை?"

பள்ளியில் சொல்லிக்கொடுத்தபடி எண்ணிக்கைக்கு ஒரு சமன்பாடு, மதிப்புக்கு ஒரு சமன்பாடு என்று ஒழுங்காகத்தான் போட்டாள். சிறிது நேரத்தில் முகம் சுருங்கியது.

"அம்மா, மைனஸ் இருபது நாலணா வருது."

நாலணாவை நாலு பைசா என்று எழுதியிருந்தாள். சிரித்து முடித்துவிட்டு விளக்கினேன். ஒரு ரூபாய்க்குப் பதினாறு அணா, நாலு அணா கால் ரூபாய், அதாவது 25 பைசா. அடித்துவிட்டு மறுபடி போட்டாள். நாலணா 8, பத்துப் பைசா 10. சரி.

"அந்தக் காசுல நாலணான்னு போட்டிருக்குமா?"

"இல்ல, 25 பைசான்னு போட்டிருக்கும்."

"அணான்னு ஒரு காசு நீ பார்த்திருக்கியா?"

1957-லேயே அணாவை நிறுத்திவிட்டார்கள். நான் பிறந்ததே அதற்கு எத்தனையோ வருஷம் கழித்து. "இல்ல" என்றேன்.

"அப்புறம் ஏன் நாலணான்னு சொல்றீங்க?"

இந்த ஊரிலும் பழைய ஆட்கள் கால் டாலரை 'டூ பிட்ஸ்' என்பார்கள், ஸ்பானிய டாலரை எட்டுப் பங்காகக் கணக்கிட்ட காலத்து மிச்சம் என்று ஆரம்பித்தேன். அவள் கேட்கிற மாதிரி இல்லை.

"பாட்டியைக் கேளு. அவங்க சின்ன வயசுல அணாவிலேயே கணக்குப் போட்டவங்க."

உடனே போனை எடுத்தாள். வெளியே இன்னும் முழுசாக இருட்டவில்லை. அங்கே மணி நாலு.

"வேண்டாம் கண்ணு, தூங்குவாங்க" என்றேன்.