கரடி ஏன் கதவுக்குப் பின்னால் ஒளிந்திருக்கு?

“ஏன் அழற?” என்று நேராகக் கேட்டால் மூணு, நாலு வயசுக் குழந்தைக்குப் பெரும்பாலும் சொல்லத் தெரியாது. அதையே பொம்மை வழியாகக் கேளுங்கள். கரடியைக் கதவுக்குப் பின்னால் வைத்து, “இதுக்கு என்ன ஆச்சு?” அவ்வளவுதான். பிறகு 10 விநாடியாவது பேசாமல் இருங்கள். பலரும் சறுக்குவது இங்கேதான். “பயமா இருக்கா?” என்று பதிலையும் நாமே கொடுத்தால், குழந்தை தலையாட்டிவிட்டுப் போய்விடும்.

“கரடி எல்லாத்தையும் உடைச்சிடுச்சு” என்று குழந்தை சொன்னால், தப்பு என்று திருத்தாதீர்கள். “அவ்ளோ கோபமா! கோபம் எங்க இருக்கு, வயித்துலயா, கையிலயா?” என்று கேட்டால் தொட்டே காட்டலாம்.

அழுகைக்கு நடுவில் இந்த விளையாட்டு வேண்டாம். அடங்கின பிறகு, தரையில் பக்கத்தில் உட்கார்ந்து, 5 நிமிஷம். முதலில் சந்தோஷம், சோகம், கோபம், பயம் என்ற நாலு உணர்ச்சிகள் போதும். பொறாமை, ஏமாற்றம் எல்லாம் மெதுவாக வரட்டும்.